பிழைக் கொப்பியும் றஹீம் சேரின் இடக்கையும்

போன மாதம் சேவைச் சான்றிதழ் ஒன்று வாங்குவதற்காக நான் வேலை பார்த்த கப்பல் முகவர் கந்தோருக்குப் போயிருந்தேன். என்னுடைய பழைய மேசையில் இப்போது இருக்கும் சர்மிளா, திரையை முறைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாள். புதிதாக வந்த மென்பொருள் வேலையின் நடுவிலே நின்றுவிட்டது. "மன்னிக்கவும், ஏதோ தவறு நேர்ந்துவிட்டது" என்று மட்டும் எழுதிக் காட்டியது.

"ஆர் மன்னிப்புக் கேக்கிறது?" என்றேன்.

"அது தானாச் சொல்லுது அன்ரி."

"பேர் இல்லையே? கையெழுத்து?"

அவள் என்னை ஒருமாதிரிப் பார்த்துவிட்டுச் சிரித்தாள். பிறகு, கந்தோர் ஆண்டு மலருக்கு என்னுடைய சாதனைகளை எழுதித் தரச் சொன்னாள். முப்பத்தெட்டு வருட வேலையில் எனக்குச் சாதனை என்று ஒன்றும் இல்லை. பிழைகள்தான் ஏராளம், ஒவ்வொன்றும் நேரம் குறித்துக் கையெழுத்து வைத்த பிழை. அதில் இரண்டை எழுதுகிறேன். மலரில் போட விருப்பமில்லாவிட்டால் சர்மிளா அதில் கடலை சுற்றட்டும்.

ஈச்சிலம்பற்றிலிருந்து திருகோணமலைக்கு வந்தபோது எனக்குப் பத்தொன்பது வயது. ஆறு மாதம் தட்டச்சுப் பழகினேன், மூன்று மாதம் கப்பல் பத்திரங்கள் பழகினேன், ஒரு வருடம் வாயை மூடிக்கொண்டிருக்கப் பழகினேன். அந்த மூன்றாவது பாடத்தில் இன்றைக்கும் நான் பெயில்.

அந்தக் காலத்தில் துறைமுகத்தைச் சுற்றியிருந்த கந்தோர்களில் கணினி என்ற பேச்சே இல்லை. எங்களிடம் மட்டும் ஒன்று இருந்தது. ஏதோ ஒரு கப்பலின் வானொலி அதிகாரி ஊருக்குப் போகும்போது எங்கள் முதலாளியிடம் விட்டுவிட்டுப் போனது. வீட்டுப் பிள்ளைகள் விளையாடுவதற்கென்று வெளிநாட்டில் செய்த சாமான். விசைப்பலகைக்குள்ளேயே முழு இயந்திரமும் இருக்கும், ரீவியில் கொழுவினால் படம் வரும். அதன் நினைவகம் அறுபத்துநாலு கிலோபைட். இன்றைக்குக் கைத்தொலைபேசியில் விடிந்ததும் வந்து விழுகிற காலை வணக்கப் பூப்படம் அதைவிடப் பெரிது. தொட்டாலும் கோபம், தொடாவிட்டாலும் கோபம் என்பதால் நாங்கள் அதற்கு மாமி என்று பெயர் வைத்திருந்தோம்.

மாமிக்குப் பொறுப்பு பிரதம லிகிதர் றஹீம் சேர். கிண்ணியாக்காரர். பாலம் இல்லாத காலம் அது, படகில் தண்ணீரைக் கடந்து வருவார். எந்த மழையிலும் எட்டு மணிக்குக் கதிரையில் இருப்பார். கத்த மாட்டார். கத்தினால் பரவாயில்லை என்று நாங்கள் நினைக்கும் அளவுக்கு மெதுவாகக் கதைப்பார். நான் தட்டிய தாளை மூக்குக்குக் கிட்டக் கொண்டுபோய், ஒரு நிமிடம் பார்த்து, "ஒண்டு இரிக்கு" என்று திருப்பித் தருவார். எந்தப் பிழை என்று சொல்ல மாட்டார். அந்த ஒன்றை நான் தேடுவதற்குள் இன்னும் இரண்டைக் கண்டுபிடித்துவிடுவேன்.

அவருடைய வேதப்புத்தகம் பிழைக் கொப்பி. மாமி நின்றுபோனால் முதலில் கையை எடுக்க வேண்டும். நிற்பாட்டக் கூடாது, எதையும் அமத்தக் கூடாது. மேசை லாச்சியிலிருந்து கொப்பியை எடுத்து ஐந்து நிரலையும் நிரப்ப வேண்டும். நேரம் என்ன, கடைசியாகத் தொட்டது என்ன, திரையில் என்ன நிற்கிறது, பிழை யாருடையது, கையெழுத்து. எல்லாம் எழுதி முடிந்த பிறகுதான் சுவிட்சில் கை வைக்கலாம்.

நாலாவது நிரலில்தான் சண்டை வரும். முதல் தடவை நான் அதில் "இயந்திரம்" என்று எழுதினேன். றஹீம் சேர் சிவப்புப் பேனையால் அதை வெட்டினார்.

"இயந்திரம் வந்து கையெழுத்து வெக்குமா?" என்று கேட்டார்.

"இல்ல சேர்."

"அப்ப ஆர் வெக்கிறாங்களோ அவங்கட பேர எழுதுங்க. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் எண்டாளாம்."

இப்படியாக முதல் வருடத்திலேயே புவனேஸ்வரி என்ற என்னுடைய பெயர் அந்தக் கொப்பியில் முப்பது இடத்துக்குக் குறையாமல் ஏறிவிட்டது.

இவ்வளவு கட்டுப்பாடான மனிதருக்கு ஒரு கள்ளம் இருந்தது. மத்தியானத்தில் கதவைச் சாத்திக்கொண்டு மாமியில் விளையாடுவார். கல்லுச் சுவரைப் பந்தால் உடைக்கிற விளையாட்டு. வலக்கை சோற்றில் இருக்கும், இடக்கை ஜொய்ஸ்டிக் பிடியில் இருக்கும். சோறு மேசையில் சிந்தாது, பந்தும் தவறாது. நாங்கள் கதவின் திறப்பு ஓட்டையால் மாறி மாறிப் பார்த்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டு ஓடுவோம். அவருக்கு அது தெரியாது என்று நினைத்தோம்.

எழுதுவதாகச் சொன்னதில் முதல் பிழை சீமெந்துக் கப்பல். ஒருநாள் காலையிலிருந்து பகல் மூன்று மணி வரைக்கும் அந்தக் கப்பலின் சரக்குப் பட்டியலை முழுதாக மாமியில் ஏற்றினேன். முடிந்ததும்தான் கசெற்றில் பதிவது எங்கள் வழக்கம். மூன்று மணிக்கு றஹீம் சேர் தன் கையாலே தேத்தண்ணி ஊற்றி எனக்கும் அரைக் கோப்பை கொண்டுவந்து தந்தார். உலக அதிசயம் அது. கந்தோர் வாசலில் நின்று கடலைப் பார்த்தபடி குடித்துவிட்டு வந்தேன். வந்து பார்த்தால் திரை கறுப்பு. எட்டு மணியிலிருந்து தட்டியது முழுதும் போய்விட்டது.

குனிந்து பார்த்தேன். சுவரில் இருந்த ஒரே பிளக்கில் தேத்தண்ணிக் கேத்திலின் வயர் செருகியிருந்தது. மாமியின் வயர் நிலத்தில் கிடந்தது. கேத்தில் இன்னும் சூடு.

றஹீம் சேர் வந்து நின்றார். கறுப்புத் திரையைப் பார்த்தார். "கொப்பிய எடுங்க" என்றார். நாலாவது நிரலுக்கு வந்தபோது நான் பேனையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு அவருடைய முகத்தைப் பார்த்தேன். அவர் யன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான் என் பெயரை எழுதிக் கையெழுத்து வைத்தேன். பிறகு ஆறரை மணி வரைக்கும் இருந்து பட்டியலைத் திரும்பவும் தட்டினேன். ஒவ்வொரு வரிக்கும் ஒரு சாபம் போட்டேன். அந்த ஆத்திரம் முப்பது வருடத்துக்கு மேல் எனக்குள் கிடந்தது. கலியாணம் முடித்த முதல் கிழமையிலேயே என் மனுசனுக்கு இந்தக் கதையைச் சொல்லிவிட்டேன், பாவம் அந்த மனிதர்.

பிறகு நல்ல கணினிகள் வந்தன. மாமியைக் குப்பையில் போடச் சொன்னார்கள். நான் பன்புல்லில் பின்னிய ஒரு பன்பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அதோடு லாச்சியில் கிடந்த பழைய பிழைக் கொப்பியும் வந்தது. ஏன் கொண்டுவந்தாய் என்று கேட்டால் இப்போதும் பதில் தெரியாது. றஹீம் சேரும் வேலையிலிருந்து இளைப்பாறிப் போனார். பெருநாளுக்கு வட்டிலப்பம் வரும், நான் பொங்கலுக்குப் பலகாரம் அனுப்புவேன். சீமெந்துக் கப்பலைப் பற்றி ஒருவரும் மூச்சு விட்டதில்லை.

நான் இளைப்பாறிய பிறகு பொழுது போகாமல் மாமியின் தொடுமுனைகளை அழிறப்பரால் தேய்த்து, ஸ்பிரிட் பூசித் துடைத்துப் பார்த்தேன். துறைமுகத்து உப்புக்காற்று பாதியைத் தின்றிருந்தது. அப்படியும் அவ உயிரோடு இருந்தா. உதிரிப்பாகம் தேடி இணையத்துக்குள் போனபோதுதான் அந்தக் கூட்டத்தைக் கண்டேன். மாமியைப் போன்ற கிழட்டு வீட்டுக் கணினிகளுக்கென்று அவர்கள் ஒரு வரைகலை மென்பொருள் எழுதிக்கொண்டிருந்தார்கள். இன்றைய கணினியில் இருப்பது போலவே யன்னல், பெட்டி, மணிக்கூடு, ஓடித்திரியும் அம்புக்குறி, எல்லாம் அந்த அறுபத்துநாலு கிலோபைட்டுக்குள். ஜேர்மனியில் ஒரு ஓய்வுபெற்ற கணித வாத்தியார், பிரேசிலில் ஒரு பல் வைத்தியர், போலந்தில் மாரெக் என்ற பஸ் சாரதி. ஒருவருக்கும் ஒரு சதமும் கிடையாது. ஆருக்காக எழுதுகிறீர்கள் என்று கேட்டேன். அதைப் பற்றி இன்னும் யோசிக்கவில்லை என்று வாத்தியார் எழுதினார். நல்ல விசர்க் கூட்டம், எனக்குத் தோதான கூட்டம் என்று சேர்ந்துகொண்டேன்.

அவர்களில் பலபேர் புதிய கணினிக்குள் பழையதை நடிக்க வைத்துத்தான் பரிசோதிப்பார்கள். என்னிடம் இருந்ததோ உப்புத் தின்ற அசல் மாமி. ஆகவே எதை எழுதினாலும் "திருகோணமலையில் ஓடுகிறதா?" என்று கேட்பார்கள். ஓடாவிட்டால் நான் அறிக்கை எழுத வேண்டும். எத்தனை மணிக்கு நின்றது, கடைசியாக எதைத் தொட்டாய், திரையின் படம் எங்கே. முதல் நாள் அந்தப் படிவத்தைப் பார்த்து வாய்விட்டுச் சிரித்தேன். நாலாவது நிரலைத் தவிர மற்ற எல்லாம் றஹீம் சேரின் கொப்பி. பொழுதுபோக்குக்குச் சதுரக் கொப்பியில் தமிழ் எழுத்துகளை எட்டுக்கு எட்டுக் கட்டத்தில் கீறி அவர்களுக்கு அனுப்பினேன். "ணை" என்ற எழுத்து மூன்று எழுத்தின் இடத்தைக் கேட்டது, கொடுத்தேன்.

றஹீம் சேருக்குப் பாரிசவாதம் வந்தது போன வருடம். பாலத்தால் பஸ்ஸில் போய்ப் பார்த்தேன். வலப்பக்கம் விழுந்துவிட்டது. பேச்சும் போய்விட்டது. ஓம் என்றாலும் இல்லை என்றாலும் ஒரே முனகல்தான் வந்தது. அவருடைய மனைவி பாத்துமா ராத்தா கட்டிலருகில் இருந்து கரண்டியால் கஞ்சி பருக்கிக்கொண்டிருந்தா. கொழும்பில் இருந்து மகன் நிஸாம் வந்திருந்தான். தகப்பனுக்கென்று ஒரு தொடுதிரை ரப் வாங்கிவந்திருந்தான். நடுங்குகிற இடக்கை அதில் பட்டதும் பத்துப் படம் ஒன்றாகத் திறந்தது. அதோடு அதை மூடி அலுமாரிக்கு மேலே வைத்துவிட்டார்கள்.

"வாப்பாக்கு ஒண்டும் விளங்குதில்ல அன்ரி," என்றான் நிஸாம். "வாற வெள்ளிக்கிழம கொழும்புக்குக் கூட்டிப் போறன். உம்மாவும் வருவா. வீட்டப் பூட்டத்தான் வேணும்."

"அவரிட்டக் கேட்டனீங்களே?"

"கேட்டா என்ன சொல்லுவார்? ம்ம் எண்டு சொல்லுவார்."

நிஸாமில் குற்றம் இல்லை. நல்ல பிள்ளை, பயந்துபோன பிள்ளை. ஆனால் றஹீம் சேரின் கண் என்னைப் பார்த்தது. தாளை மூக்குக்குக் கிட்ட வைத்துப் பார்க்கிற அதே பார்வை. "ஒண்டு இரிக்கு" என்கிற பார்வை. இந்த மனிதர் உள்ளே முழுதாக இருக்கிறார், நாலு நாளில் இவரைச் சாமான் மாதிரி ஏற்றிக்கொண்டு போகப்போகிறார்கள் என்று நினைத்தேன். அப்போதுதான் அவருடைய இடக்கையைக் கண்டேன். பெருவிரல் விரிப்பின் மேல் அமத்திக்கொண்டிருந்தது. ஒன்று, இரண்டு, ஒன்று. கல்லுச் சுவர் உடைக்கிற கை.

வீட்டுக்கு வந்ததும் கூட்டத்துக்கு எழுதினேன். என்னுடைய பழைய மேலதிகாரிக்குப் பேச்சில்லை, ஒரு கை மட்டும் இருக்கிறது, அதுவும் நடுங்குகிறது, ஆனால் ஜொய்ஸ்டிக் தெரிந்த கை. அம்புக்குறி ஓடித்திரிந்தால் சரிவராது, பெட்டிக்குப் பெட்டி தாவ வேண்டும். வெள்ளிக்கிழமைக்கு முதல் வேண்டும். மாரெக் இரண்டு நாள் பஸ்ஸுக்கு லீவு போட்டுவிட்டு எழுதி அனுப்பினான். முகம் தெரியாத அவனுக்காக நான் கோணேசர் கோயிலில் ஒரு கற்பூரம் கொளுத்தினேன்.

நான் இரண்டு யன்னல் தயாரித்தேன். முதல் யன்னலில் தேவைகள். தேத்தண்ணி, தண்ணி, நோகுது, ஃபேன் போடு. மற்ற யன்னலில் எழுத்துகள். வியாழக்கிழமை பின்னேரம் மாமியைப் பன்பையில் தூக்கிக்கொண்டு கிண்ணியாவுக்குப் போனேன்.

ரீவியில் படம் வந்ததும் றஹீம் சேர் இடக்கையைப் பிடியில் வைத்தார். கை நடுங்கியது, திரையில் பெட்டிக்குப் பெட்டி தாவுகிற கட்டம் நடுங்கவில்லை. தேவைகள் யன்னலை ஒரு பார்வை பார்த்தார். என்ன, என்னை நோயாளி என்றா நினைத்தாய் என்பதுபோல அதைத் தாண்டி எழுத்துகளுக்குப் போனார். நா என்று ஒன்று விழுந்தது. பிறகு ன். பாத்துமா ராத்தா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டா. அடுத்த எழுத்துக்குத் தாவிப் பொத்தானை அமத்தினார்.

மாமி நின்றுவிட்டா. கட்டம் அசையவில்லை. ஒன்றும் அசையவில்லை.

"பாத்தீங்களா அன்ரி," என்றான் நிஸாம் மெதுவாக. "சும்மா அமத்துறார். ரெண்டெழுத்து தற்செயலா வந்திரிக்கு. விடுங்க."

எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. அவசரத்தில் சுவிட்சுக்குக் கையை நீட்டினேன்.

பட்டென்று என் கையில் ஒரு அடி விழுந்தது.

றஹீம் சேர்தான். இடக்கையால் அடித்தார். பிறகு அந்தக் கையைத் தூக்கி, விரல்களைக் குவித்து, காற்றில் எழுதிக் காட்டினார். எனக்கு உடனே விளங்கவில்லை. அவர் திரும்பவும் எழுதிக் காட்டிவிட்டு என் பன்பையைச் சுட்டினார்.

"கொப்பியா சேர்?"

முனகினார். இந்த முனகல் ஓம்தான்.

பழைய கொப்பி மாமியோடு வந்த நாளிலிருந்து அந்தப் பையின் அடியிலேயே கிடந்தது. எடுத்து விரித்தேன். நேரத்தை எழுதாமல் நான் அடுத்த நிரலுக்குப் போக, விரலால் சுவர் மணிக்கூட்டைக் காட்டினார். சரியாக நாலு மணி என்று எழுதினேன். கடைசியாகத் தொட்டது, திரையில் நின்றது, எல்லாம் எழுதினேன். நாலாவது நிரலில் கை தானாகவே "இயந்திரம்" என்று எழுதியது. றஹீம் சேர் என் பேனையைப் பறித்தார். நடுங்கி நடுங்கி அந்தச் சொல்லின் மேலே ஒரு கோடு இழுத்தார். பேனையைத் திருப்பித் தந்துவிட்டு என் முகத்தைப் பார்த்தார்.

"அல்லாஹ்," என்றா பாத்துமா ராத்தா. "இந்தக் கோதாரிக் கொப்பிக் கதயச் சொல்லிச் சொல்லியே என்னய அறுத்தவர். இவருக்கா மூள போன?"

நான் என் பெயரை எழுதிக் கையெழுத்து வைத்தேன். அதைச் சரிபார்த்த பிறகுதான் சேர் சுவிட்சைக் காட்டினார். நிஸாம் கட்டிலின் விளிம்பில் இருந்துவிட்டான். மாமி திரும்ப எழும்ப இரண்டு நிமிடம் எடுத்தா. அதற்குப் பிறகு இருபது நிமிடம் அந்த அறையில் பொத்தான் சத்தம் மட்டும்தான் கேட்டது. ரீவியில் நின்றது இதுதான்: நான் வரமாட்டேன்.

நிஸாம் தகப்பனுடைய இடக்கையை எடுத்துத் தன் முகத்தில் வைத்துக்கொண்டு அழுதான். "சரி வாப்பா," என்றான். "சரி. நான் இங்க வந்து வந்து போறன்." எனக்கும் அழுகை வந்தது. அழுதேன், அதில் என்ன வெட்கம்.

வெள்ளிக்கிழமை வீடு பூட்டப்படவில்லை. மாமியையும் அங்கேயே விட்டுவிட்டு வந்தேன்.

அறிக்கையைக் கூட்டத்துக்கு அனுப்பினேன். நாலு மணி என்று நேரம் போட்டிருந்ததால்தான் பிழை பிடிபட்டது என்று மாரெக் எழுதினான். திரையில் இருக்கும் மணிக்கூட்டில் மணி மாறுகிற அதே நொடியில் பொத்தானை அமத்தினால் எல்லாம் நின்றுவிடுமாம். "இது என் பிழை, புவனேஸ்வரியின் பிழை அல்ல. தயவுசெய்து கொப்பியில் திருத்தவும். மாரெக்" என்று முடித்திருந்தான். நாலாவது நிரலைப் பற்றி நான் அவர்களுக்கு ஒரு பந்தி எழுதியிருந்தேன்.

அடுத்த கிழமை போனபோது அந்தக் கடிதத்தைத் தமிழில் சொல்லி றஹீம் சேருக்கு வாசித்துக் காட்டினேன். என் பெயரை வெட்டி மாரெக்கின் பெயரை எழுதினேன். அவர் அந்த வெட்டை நெடுநேரம் பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பிடியில் கை வைத்தார்.

சீமெந்து, என்று எழுதினார்.

நான் வாயைத் திறக்கவில்லை. அந்தப் பாடத்தில் அன்றைக்கு மட்டும் பாஸ். நிறுத்தி நிறுத்தி, இளைத்து இளைத்து, கால் மணித்தியாலமாக எழுதினார். வயர் கழட்டினது நான்.

முப்பது வருடத்துக்கு மேலாக இந்த வசனத்துக்காகத்தான் காத்திருந்தேன். வந்தால் என்ன சொல்ல வேண்டும் என்று ஆயிரம் தடவை வீட்டில் ஒத்திகை பார்த்திருக்கிறேன். எல்லாம் நல்ல காரமான வசனங்கள்.

"தெரியும் சேர்," என்றேன். "கேத்தில் சுட்டது."

அவர் என்னைப் பார்த்தார். திரும்பவும் எழுத்துகளுக்குப் போனார். ஏன் கையெழுத்து?

"அண்டைக்கு நீங்க ஊத்தின தேத்தண்ணியில அரைக் கோப்பை நான் குடிச்சனான் சேர்," என்றேன். "அந்தத் தண்ணி அந்தப் பிளக்கிலதானே கொதிச்சது. எனக்கும் பங்கு இருக்கு."

றஹீம் சேரின் வாய் இடப்பக்கம் கோணியது. தொண்டையிலிருந்து ஒரு சத்தம் வந்தது. அதை அவர் சிரிப்பு என்று கண்டுபிடிக்க எனக்குக் கொஞ்ச நேரம் எடுத்தது, கந்தோரில் நான் ஒருநாளும் அதைக் கேட்டதில்லை. கொப்பியில் சீமெந்துக் கப்பலின் பழைய பக்கத்தை எடுத்து என் பெயருக்குப் பக்கத்தில் அவருடைய பெயரையும் எழுதினேன். கையெழுத்து நிரலில் அவர் ஒரு நடுங்கல் கோடு போட்டார்.

பிறகு பிடியை ஆட்டினார். கட்டம் எழுத்து யன்னலை விட்டு, அதுவரை அவர் ஒருநாளும் தொடாத தேவைகள் யன்னலுக்குத் தாவியது. முதல் பெட்டியில் நின்றது. அமத்தினார்.

தேத்தண்ணி.

மாமியின் வயரை ஒரு தடவை குனிந்து பார்த்துக்கொண்டேன். பிறகு பாத்துமா ராத்தாவைக் கூப்பிட்டு, கேத்திலைக் குசினிப் பிளக்கில் போடச் சொன்னேன்.